காத்தாயி சொன்ன தேதி

காத்தாயிக்குத் தம் பிறந்த நாள் தெரியாது. ஆதார் அட்டையில் 1966ஆம் ஆண்டு ஜனவரி முதல் நாள் என்று இருக்கிறது. அவர் குடியிருக்கும் தெருவில் ஐம்பதைக் கடந்த பெண்களுள் பாதிப்பேர் ஜனவரி முதல் நாளில்தான் பிறந்திருக்கிறார்கள். அட்டைக்குப் பதிவு செய்ய வந்தவர்கள் அப்படித்தான் எழுதிக்கொண்டு போனார்கள். ஆனால் காலக்கணக்கு அறியாதவர் என்று அவரைச் சொல்ல முடியாது. மகள் செம்மொழி பிறந்தது, கீழ்த்தலை வயலில் சம்பா நாற்றுப் பறித்த மூன்றாம் நாள். கணவர் அரசப்பன் இறந்தது, பெருமழையில் நட்ட பயிர் இருமுறை அழுகி, மூன்றாம் முறை நட்டு முடித்த அன்று. எந்த ஆண்டு எந்த வயலில் யார் யார் நடவுக்கு இறங்கினார்கள், எந்த நாள் மழையால் பாதியில் கரையேறினார்கள் என்று கேட்டால் தயங்காமல் சொல்வார். இத்தனை நாள் வேலை நடந்ததா இல்லையா என்று வயல்காரர்களுக்குள் பேச்சு வந்தால், காத்தாயியைக் கூப்பிட்டுக் கேட்டுவிட்டுத்தான் முடிவு செய்வார்கள்.

ஊர், வெட்டாற்றுக்குத் தென்புறம், தஞ்சாவூரிலிருந்து பேருந்தில் முக்கால் மணி நேரத் தொலைவில் உள்ளது. சட்டம் கோருகிறபடி ஊர்ப்பெயரை விட்டிருக்கிறேன். பாதிக்கப்பட்ட பெண்ணுக்கும் அவர் குடும்பத்தாருக்கும் வேறு பெயர்கள் இட்டிருக்கிறேன். காத்தாயியின் பெயர் மட்டும் அவருடையதே. அதை மாற்றக் கூடாது என்று அவரே கேட்டுக்கொண்டார்.

விடிந்ததும் காத்தாயி பள்ளிவாசல் தெருவுக்குப் போவார். அங்கே நான்கு வீடுகளில் வாசல் பெருக்கி, பாத்திரம் துலக்கிவிட்டு எட்டு மணிக்கெல்லாம் வயலில் இருப்பார். அந்த நான்கில் ஒன்று கமருன்னிஸாவின் வீடு. கமருன்னிஸாவுக்கு ஒரு மகன், ஒரு மகள். மகன் ஃபாஜில் சார்ஜாவில் வேலை பார்த்தார். அவர் மனைவி ஹபீபுன்னிசாவும் ஆறு வயது மகனும் ஊரில் கமருன்னிஸாவுடன் இருந்தார்கள். மகள் ஹஃப்ஸா இரண்டு வீடு தள்ளிக் குடியிருந்தார். ஹஃப்ஸாவின் கணவன் பாசித், கடைத்தெருவில் செருப்புக் கடை வைத்திருந்தான்.

2017 அக்டோபர் தொடக்கத்தில் ஃபாஜில் சார்ஜாவில் மாரடைப்பால் இறந்தார். அடக்கமும் அங்கேயே நடந்தது. செய்தி வந்த நாளிலிருந்து ஹபீபுன்னிசா இத்தாவில் அமர்ந்தார். கணவனை இழந்த பெண் நான்கு மாதம் பத்து நாள் வீட்டோடு இருந்து, அயல் ஆண்கள் முன் வராமல் துக்கம் காக்கும் காலம் அது. அந்த வீட்டில் ஆண் துணை இல்லாததால் வெளிவேலைகளையெல்லாம் மருமகன் பாசித் பார்த்துக்கொண்டான். மளிகைச் சாமான்களைக் கொண்டுவந்து முன்கட்டில் வைத்துவிட்டுக் குரல் கொடுப்பான். கமருன்னிஸா வந்து எடுத்துக்கொள்வார். காத்தாயி பெண் என்பதால் அவர் வரப்போகத் தடை இல்லை. அந்த நாள்களில் ஹபீபுன்னிசா முகம் பார்த்துப் பேசிய வெளியாள் காத்தாயி ஒருவர்தான்.

நவம்பர் 23, வியாழக்கிழமை பிற்பகல், கமருன்னிஸா முட்டிவலிக்கு மருத்துவரைப் பார்க்கப் போயிருந்தார். பாசித் சாமானோடு வந்தான். அன்று அவன் முன்கட்டோடு நிற்கவில்லை. நடந்ததற்கு வேறு சாட்சி இல்லை.

மறுநாள் காலை காத்தாயி கொல்லைப்புற வழியாக உள்ளே வந்தபோது ஹபீபுன்னிசா அடிபம்பருகில் உட்கார்ந்து துவைத்துக்கொண்டிருந்தார். கொடியில் அதற்கு முன்பே துணிகள் காய்ந்தன. கையில் இருந்தது ஒரே ஒரு சேலை. அதை அலசிப் பிழிந்து, மறுபடி சோப்புப் போட்டுத் துவைத்தார். என்ன பாப்பா என்று காத்தாயி கேட்டதற்கு ஹபீபுன்னிசா சொன்னது நான்கைந்து சொற்கள்தான். யார், எப்போது என்பது அதில் இருந்தது. காத்தாயி வேறு எதுவும் கேட்காமல், அவர் தலையைத் துவட்டி, உள்ளே கூட்டிப்போய் உட்கார வைத்தார். சேலை கல்லின்மேலேயே கிடந்தது. பின்னாளில் வழக்கறிஞர்கள் தடயம் என்று சொன்ன பொருள் அதுதான். அதில் ஏதேனும் எஞ்சியிருந்திருந்தால், காத்தாயி பாத்திரத்தோடு பாத்திரமாக அதையும் அலசிக் காயப்போட்டபோது போய்விட்டது.

போலீசுக்குப் போவோம் என்று காத்தாயி அன்றே சொன்னார்.

"இத்தா முடியலையேக்கா. நான் எப்படி வாசப்படி தாண்டுறது?" என்றார் ஹபீபுன்னிசா.

நண்பகலில் கமருன்னிஸாவிடம் செய்தி போயிற்று. அவர், இத்தா முடியட்டும், அதற்கப்புறம் எதுவானாலும் பேசிக்கொள்ளலாம் என்று மட்டும் சொன்னார். தேவை ஏற்பட்டால் இத்தாவிலும் வெளியே போகலாம். மார்க்கம் அதைத் தடுக்கவில்லை. ஊரில் விவரம் தெரிந்த யாரைக் கேட்டிருந்தாலும் அப்படித்தான் சொல்லியிருப்பார்கள். ஆனால் கேட்க வேண்டுமானால் நடந்ததைச் சொல்ல வேண்டும். ஆகவே யாரும் கேட்கவில்லை. அன்றிலிருந்து பாசித் அந்த வீட்டுக்கு வராதபடி, கடையிலிருந்து சாமான் சுமந்துவரும் வேலையைக் காத்தாயி எடுத்துக்கொண்டார்.

இத்தா முடிந்து நான்காம் நாள், 2018 பிப்ரவரி 12 அன்று, ஹபீபுன்னிசா காத்தாயியோடு பேருந்தேறி மகளிர் காவல் நிலையத்துக்குப் போனார். கமருன்னிஸா வரவில்லை. மாறாக, வீட்டுக்கு வந்தால் இருவருக்கும் வாசல் திறக்காது என்று சொல்லியனுப்பினார். ஹபீபுன்னிசா அப்படியே, கூட வந்திருந்த மகனை அழைத்துக்கொண்டு மயிலாடுதுறையில் தந்தை மீரா சாகிப் வீட்டுக்குப் போய்விட்டார்.

நடந்ததற்கும் புகாருக்கும் இடையில் எண்பத்தொரு நாள். மருத்துவச் சோதனையில் எதுவும் தெரியவில்லை. அத்தனை நாளுக்குப் பின் தெரியவும் வாய்ப்பில்லை. எஞ்சியது இரண்டு பெண்களின் பேச்சு. ஹபீபுன்னிசாவின் வாக்குமூலத்தை எழுதிய பின், காத்தாயியை உட்காரவைத்து விசாரித்தார்கள். இந்தப் பெண் உங்களிடம் இதை எப்போது சொன்னாள் என்று கேட்டதற்குக் காத்தாயி, பெரியமடை வயலில் முதல் களை எடுத்த இரண்டாம் நாள், வயலுக்குப் போகுமுன் என்றார். எழுதிக்கொண்டிருந்த தலைமைக் காவலர் பேனாவைக் கீழே வைத்தார்.

"களையெல்லாம் கோர்ட்டுல எடுபடாதும்மா. தேதி சொல்லுங்க."

"தேதி தெரியாதுங்க. பெரியமடைக்காரர்ட்ட கேட்டீங்கன்னா அவரு எழுதி வெச்சிருப்பாரு."

அவரிடம் யாரும் கேட்கவில்லை. கேட்டிருந்தால், களையெடுப்பு தொடங்கிய நாளை அவர் தம் குறிப்பேட்டைப் பார்த்துச் சொல்லியிருப்பார். வழக்குக்குத் தொடர்பில்லாத ஒருவரின் எழுத்து அதற்கு ஆதாரமாக இருந்திருக்கும். தலைமைக் காவலர் ஹபீபுன்னிசாவின் வாக்குமூலத்தில் இருந்த சம்பவத் தேதியைப் பார்த்து, அதற்கு அடுத்த நாளைக் கணக்கிட்டு, 24.11.2017 வெள்ளிக்கிழமை காலை ஏழே கால் மணி என்று எழுதினார். காத்தாயியைக் கைநாட்டு வைக்கச் சொன்னார். அவர் கெட்ட எண்ணத்தோடு அப்படிச் செய்ததாகக் காத்தாயி இன்றும் சொல்வதில்லை. வழக்கு நிற்க வேண்டுமே என்றுதான் செய்தார். கணக்கும் தவறில்லை.

விசாரணை 2019 ஆகஸ்டில் தொடங்கியது. அதற்கு ஒரு வாரம் முன்பே அந்தக் காவலர் வந்து, தேதியை மனப்பாடமாகச் சொல்ல வேண்டும், தடுமாறினால் அந்தப் பெண்ணின் வழக்கே போய்விடும் என்று காத்தாயியிடம் சொல்லிவிட்டுப் போனார். நாற்றங்காலில் குனிந்தபடி காத்தாயி இருபத்துநாலு, பதினொன்று, வெள்ளிக்கிழமை, ஏழே கால் என்று முணுமுணுத்துக்கொண்டிருந்தார். கூட வேலை செய்த பெண்கள் சிரித்தார்கள்.

"என்னக்கா, நாத்துக்கு மந்திரமா ஓதுற?"

"ஆமாண்டி. தப்பாச் சொன்னா பயிரு மணி புடிக்காம சாவியாப் போயிரும்," என்றார் காத்தாயி.

மகளிர் நீதிமன்றத்தில் முதல் சாட்சி ஹபீபுன்னிசா. கதவை அடைத்து விசாரித்தார்கள். காத்தாயி வெளியே நடைபாதையில் உட்கார்ந்திருந்தார். எதிர்த்தரப்பு வழக்கறிஞர் இரண்டு மணி நேரம் குறுக்கு விசாரணை செய்தார். அவருடைய வாதம் இரு முனையிலும் கூர்மையானது. இத்தாவில் இருக்கும் பெண்ணின் வீட்டுக்குள் அயல் ஆண் நுழைவது நடவாத செயல். ஆகவே சம்பவமே இல்லை. சம்பவம் உண்மையென்றால், அவசியத்துக்கு வெளியே போக மார்க்கம் அனுமதிக்கிறதே. பிறகு ஏன் எண்பத்தொரு நாள் வாய் திறக்கவில்லை? பதிவில் உள்ள கேள்வி பதில்கள் இவை:

"அவசியம்னா இத்தாவுலயும் வெளியே போகலாம்னு உங்களுக்குத் தெரியுமா தெரியாதா?"

"இப்பத் தெரியும். அப்பத் தெரியாது."

"சரி, அந்த நாலு மாசம் பத்து நாள்ல ஒரு தடவையாவது வாசப்படி தாண்டுனீங்களா?"

இல்லை என்று சொல்லியிருந்தால் மறுக்க ஒருவரும் இல்லை. காவல்துறை வாக்குமூலத்திலோ, நீதித்துறை நடுவர் முன் அளித்த வாக்குமூலத்திலோ அது பற்றி ஒரு சொல்லும் இல்லை. உடன் போன கமருன்னிஸா ஒருவருக்குத்தான் தெரியும். அவரோ, வெளியே போகவே விடவில்லை என்று சொல்லிக்கொண்டிருந்தவர்.

"ஒரு தடவை போனேன். டிசம்பர்ல. பையனுக்குக் காய்ச்சல்னு மாமியோட ஆஸ்பத்திரிக்குப் போனேன்."

"அப்ப, புள்ளைக்காகப் போகலாம். உங்களுக்காகப் போகக் கூடாதா?"

"புள்ளைக்குன்னா போகலாம்னு மாமி சொன்னாங்க. எனக்குன்னா போகலாம்னு யாரும் சொல்லலைங்க."

வெளியே வந்ததும் அரசு வழக்கறிஞர் ஹபீபுன்னிசாவைக் கடிந்துகொண்டார். இல்லையென்று ஒரு சொல் சொல்லியிருந்தால் போதுமே, இதை வைத்தே வழக்கை உடைத்துவிடுவார்களே என்றார். அதைக் கேட்டுக்கொண்டிருந்த காத்தாயி, தம் முறை வரும்போது எதையும் விட்டுக்கொடுக்கக் கூடாது என்று உறுதி செய்துகொண்டு உள்ளே போனார்.

தேதியைத் தடுமாறாமல் சொன்னார். கிழமை சொன்னார், நேரமும் சொன்னார். எதிர்த்தரப்பு வழக்கறிஞர் எழுந்து, மரியாதையாகத்தான் தொடங்கினார்.

"இன்னைக்கு என்ன தேதிங்கம்மா?"

"தெரியாதுங்க."

"உங்க பொண்ணு கல்யாணம் என்னைக்கு நடந்துச்சு?"

"குறுவை அறுத்துட்டு, ஆவணியில."

"தேதி?"

"தெரியாதுங்க."

"உங்க வீட்டுக்காரர் இறந்த தேதி?"

"நட்ட பயிரு ரெண்டு தடவை அழுகுன வருஷங்க. கடைசி நடவு அன்னைக்கு."

"தேதி கேட்டேம்மா."

"தெரியாதுங்க."

"புருஷன் செத்த தேதி தெரியாது. இருபத்துநாலு பதினொன்னு வெள்ளிக்கிழமை ஏழே காலு மட்டும் தெரியும். யாரு சொல்லிக்கொடுத்தா?"

தலைமைக் காவலர் கதவருகே நின்றிருந்தார். காத்தாயி அந்தப் பக்கம் பார்த்தார். பிறகு, "யாரும் சொல்லிக்கொடுக்கலைங்க," என்றார்.

நீதிபதி அந்தப் பதிலுக்குக் கீழே, சாட்சி வாசலை நோக்கிவிட்டு விடையளித்தார் என்று ஒரு வரி தட்டச்சு செய்யச் சொன்னார். காத்தாயிக்கு அது தெரியாது. அரசு வழக்கறிஞர் வெளியே வந்து, நீங்கள்தான் ஒழுங்காகச் சொன்னீர்கள் என்று பாராட்டினார். திரும்பும் வழியில் பேருந்தில் காத்தாயி ஹபீபுன்னிசாவின் கையைப் பிடித்துக்கொண்டு, கவலைப்படாதே பாப்பா, நீ விட்டதை நான் கட்டிவிட்டேன் என்று சொல்லிக்கொண்டே வந்தார்.

கமருன்னிஸா எதிர்த்தரப்புச் சாட்சியாக வந்து, மருமகன் முன்கட்டைத் தாண்டியதே இல்லை என்று சொன்னார். ஹஃப்ஸாவின் வாழ்வு அவர் சொல்லில் தொங்கியது. ஆனால் அன்று பிற்பகல் மருத்துவரிடம் போயிருந்ததைக் குறுக்கு விசாரணையில் ஒப்புக்கொண்டார். 2021 மார்ச்சில் தீர்ப்பு வந்தது: பத்தாண்டுக் கடுங்காவல். ஹபீபுன்னிசாவின் சாட்சியமும், அதை அன்றே கேட்ட காத்தாயியின் சாட்சியமும் ஒன்றுக்கொன்று துணை நிற்கின்றன என்று நீதிபதி எழுதியிருந்தார்.

பாசித் உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்தான். பதினான்கு மாதம் சிறையில் இருந்த பின், மேல்முறையீடு முடியும்வரை தண்டனை நிறுத்திவைக்கப்பட்டு ஊருக்குத் திரும்பினான். செருப்புக் கடை மறுபடி திறந்தது. பள்ளிவாசல் தெருவில் கமருன்னிஸாவின் வீடு போக மீதியிருந்த மூன்றில் இரண்டு வீட்டார், வேலைக்கு வேறு ஆள் பார்த்துக்கொண்டதாகச் சொல்லிவிட்டார்கள். ஒருநாள் ஹஃப்ஸா வாசலில் நின்று, காத்தாயி கேட்கும்படி, "எம் புருஷனை உள்ள வெச்ச வாயி இதுதான், நல்லாப் பாத்துக்குங்க," என்றார். காத்தாயி திரும்பிப் பார்க்காமல் நடந்தார். பிறகு வயலில் மற்றவர்களிடம் அதைச் சொல்லும்போது, அதில் ஒரு பெருமை இருந்தது என்று கேட்டவர்கள் சொல்கிறார்கள்.

ஹபீபுன்னிசா, இர்ஃபானா என்னும் இளம் வழக்கறிஞரை அமர்த்தியிருந்தார். மேல்முறையீட்டு விசாரணைக்கு நாள் குறித்ததும் காத்தாயி, தாமும் வந்து எல்லாவற்றையும் மறுபடி சொல்வதாகச் சொன்னார். மேல்முறையீட்டில் யாரையும் கூண்டில் ஏற்ற மாட்டார்கள் என்று இர்ஃபானா விளக்கினார். கீழே சொன்னவையெல்லாம் காகிதத்தில் இருக்கின்றன. மேலே உள்ள நீதிபதி சாட்சியின் முகத்தைப் பார்ப்பதில்லை, காகிதத்தைப் படிக்கிறார். முகத்தைப் பார்த்தவர் கீழே இருந்த நீதிபதி, ஆகவே அவர் குறித்துவைத்த ஒவ்வொரு வரிக்கும் தனி எடை உண்டு. அது நல்லதுதானே என்று காத்தாயி கேட்டார். இர்ஃபானா, பார்ப்போம் அம்மா என்றார்.

2024 ஜூலையில் காத்தாயியும் ஹபீபுன்னிசாவும் விடியற்காலைப் பேருந்தில் உயர் நீதிமன்றத்துக்குப் போய்க் கடைசி வரிசையில் உட்கார்ந்தார்கள். வாதம் முழுவதும் ஆங்கிலத்தில் நடந்தது. பி.டபிள்யூ. டூ, அதாவது அரசுத் தரப்பின் இரண்டாம் சாட்சி, என்பது அவரைத்தான் குறிக்கிறது என்று இர்ஃபானா முன்பே காத்தாயிக்குச் சொல்லியிருந்தார். அன்று பிற்பகல் இரு தரப்பும் நீதிபதியும் அந்தச் சொல்லை மறுபடி மறுபடி சொன்னார்கள். காத்தாயி ஒவ்வொரு முறையும் நிமிர்ந்து உட்கார்ந்தார். இறங்கி வரும்போது, பாரு பாப்பா, எத்தனை தடவை என் பேச்சு வந்தது என்றார்.

தீர்ப்பு ஆகஸ்டு இறுதியில் வெளியானது. மேல்முறையீடு தள்ளுபடி, தண்டனை உறுதி, பாசித் பதினைந்து நாளில் சரணடைய வேண்டும். அடுத்த ஞாயிற்றுக்கிழமை ஹபீபுன்னிசா மயிலாடுதுறையிலிருந்து பேருந்தேறிக் காத்தாயியின் வீட்டுக்கு வந்தார். கையில் ஒரு நோட்டுப் புத்தகம். இர்ஃபானா பத்தி பத்தியாகத் தமிழில் சொல்லச் சொல்ல, எழுதிக்கொண்டு வந்திருந்தார்.

முதலில் நல்லதைச் சொன்னார். மருத்துவச் சான்று இல்லை என்பது சம்பவம் இல்லை என்பதற்குச் சான்றாகாது என்று நீதிபதி எழுதியிருந்தார். மாமியார் மகளின் வாழ்வைக் காக்கப் பேசுகிறார், அந்த நேரத்தில் அவர் வீட்டிலும் இல்லை என்று எழுதியிருந்தார். தாமதத்தைப் பற்றி நீண்ட பகுதி இருந்தது. மார்க்கம் எதை அனுமதித்தது என்பதன்று கேள்வி. இருபத்தாறு வயதில் கணவனை இழந்து, பிறர் வீட்டில் அடைந்திருந்த பெண் எதை நம்பினாள், அவளிடம் யார் என்ன சொன்னார்கள் என்பதே கேள்வி. அடுத்து, ஆஸ்பத்திரிக்குப் போன பதிலை அப்படியே எடுத்தெழுதிவிட்டு, பொய் புனையும் சாட்சி தன் கதையை உடைக்கும் செய்தியைத் தானே எடுத்து எதிராளியின் கையில் கொடுப்பதில்லை, இந்த ஒரு விடைக்காகவே இவரை முழுமையாக நம்பலாம் என்று முடித்திருந்தார்.

காத்தாயிக்குக் கண் நிறைந்தது. துடைத்துக்கொண்டு கேட்டார்.

"என்னையப் பத்தி என்னா எழுதியிருக்காங்க?"

ஹபீபுன்னிசா நோட்டை மூடினார். உங்களைப் பற்றியும் இருக்கிறது, அப்புறம் சொல்கிறேன் என்றார். காத்தாயி விடவில்லை. அந்தப் பக்கத்தைப் படிக்காமல் வேறு எதையாவது சொல்லியிருக்கலாம். காத்தாயிக்குப் படிக்கத் தெரியாது. ஹபீபுன்னிசா நோட்டைத் திறந்து, எழுதியிருந்தபடியே படித்தார்.

"இரண்டாம் சாட்சி எழுத்தறிவற்ற விவசாயக் கூலித் தொழிலாளி. மகளின் திருமண நாளையும் கணவர் இறந்த நாளையும் சொல்ல இயலாத இவர், ஏறத்தாழ ஈராண்டுக்கு முந்தைய ஓர் உரையாடலின் தேதி, கிழமை, நேரம் மூன்றையும் பிழையின்றிக் கூறுவது இயல்பாக இல்லை. விடை கூறுமுன் இவர் வாசலை நோக்கியதை விசாரணை நீதிமன்றமே குறித்துள்ளது. இவர் கற்பிக்கப்பட்ட சாட்சி என்றே கருத வேண்டியுள்ளது. இவர் சாட்சியத்தை முழுவதும் ஒதுக்குகிறேன். ஒரு சாட்சி நம்பத்தகாதவர் என்பதால் வழக்கு முழுவதும் பொய்யாகிவிடாது. பதரை நீக்கி நெல்லை எடுத்துக்கொள்வது நீதிமன்றத்தின் கடமை."

காத்தாயி கேட்டார்.

"பதருன்னு எழுதியிருக்கா?"

"உங்களை இல்லைக்கா. நீங்க சொன்னதை."

"நான் சொன்னது நெசம்தானே பாப்பா. நீ எங்கிட்ட சொன்னியா இல்லையா?"

"சொன்னேன்க்கா."

"அப்ப அது எப்படிப் பதராகும்?"

தேதியைத் தாமாகச் சொல்லவில்லை, போலீஸ்காரர் சொன்னார் என்பதை அந்த நீதிபதிக்கு ஒரு கடிதமாக எழுதிப் போட்டால் திருத்துவாரா என்று காத்தாயி கேட்டார். பெரியமடைக்காரரின் பழைய குறிப்பேடு இன்னும் இருக்கும், அதைக் கொண்டுபோய்க் காட்டலாம் என்றார். ஹபீபுன்னிசா அங்கிருந்தே இர்ஃபானாவை அலைபேசியில் அழைத்தார். இர்ஃபானா அவசரமாகத் தடுத்தார். பாசித் உச்ச நீதிமன்றத்துக்குப் போகப்போகிறான். போலீஸ் சொல்லிக்கொடுத்தது என்று காத்தாயி இப்போது வாய் திறந்தால், வழக்கு முழுவதும் போலீஸ் ஜோடித்தது என்று சொல்ல அவனுக்கு அதுவே போதும். அங்கே முடியும்வரை யாரிடமும் ஒரு சொல்லும் சொல்லக் கூடாது.

பேசி முடித்த பின் ஹபீபுன்னிசா, உங்களுக்கு எப்படித் தோன்றுகிறதோ அப்படிச் செய்யுங்கள், நான் தடுக்க மாட்டேன் என்றார். அவர் அதை மெய்யாகவே சொன்னார் என்பதில் காத்தாயிக்கு ஐயம் இல்லை. காத்தாயி எழுந்து போய் இரண்டு தம்ளரில் தேநீர் கொண்டுவந்தார். "நீ குடி. ஆறரை வண்டியைப் புடிக்கணும்," என்றார்.

பாசித் சரணடைந்தான். ஒரு வாரத்துக்குள் அவனைச் சேர்ந்தவர்கள் அந்த ஒரு பத்தியை மட்டும் தமிழாக்கி அலைபேசிகளில் பரப்பினார்கள். அதற்கு முன்னும் பின்னும் உள்ள பக்கங்கள் அதில் இல்லை. பள்ளிவாசல் தெருவில் காத்தாயிக்கு எஞ்சியிருந்த வீடு கமலாம்பாள் என்பவருடையது. கணவரின் தபால் அலுவலக வேலைக்காக அங்கே குடிவந்து, பிறகு அங்கேயே தங்கிவிட்டவர். பள்ளிவாசல் தெருவே காத்தாயிக்கு எதிராக நின்றபோது வேலைக்கு வைத்துக்கொண்ட ஒரே ஆள் அவர்தான். ஒரு காலை அவர் அலைபேசியை நீட்டி, இது என்ன காத்தாயி என்று கேட்டார். காத்தாயி பாத்திரத்தைத் துலக்கியபடியே இருந்தார். கோர்ட்டில் பொய் சொன்னாயா என்று மறுபடி கேட்டார். காத்தாயி அதற்கும் வாய் திறக்கவில்லை. பேசாமல் இருப்பதே ஒப்புக்கொள்வதாகத்தான் யாருக்கும் படும். மறுநாளிலிருந்து வர வேண்டாம் என்று கமலாம்பாள் சொன்னார்.

அந்த ஆண்டு தாளடி நடவில் காத்தாயியின் பக்கத்தில் நின்று நட்ட பெண்கள், முன்புபோல் வேலை நாள்களைப் பற்றி அவரிடம் கேட்கவில்லை. வயல்காரர்களுக்குள் ஒருமுறை பேச்சு வந்தபோது, ஒருவர் காத்தாயியைக் கூப்பிடலாம் என்றார். இன்னொருவர், "அந்தம்மா சொன்னா செல்லாதுன்னு ஐகோர்ட்டே சொல்லியாச்சுப்பா," என்றார். எல்லோரும் சிரித்தார்கள். காத்தாயி நான்கு முழம் தள்ளி, முதுகு நிமிராமல் நட்டுக்கொண்டிருந்தார்.

2025 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் பாசித்தின் மனுவை ஏற்க மறுத்துத் தள்ளுபடி செய்தது. இனி அவனுக்கு வழி இல்லை, இனிமேல் நீங்கள் பேசலாம் என்று இர்ஃபானா காத்தாயிக்குச் சொன்னார். அந்தப் பத்தியைத் திருத்த முடியுமா என்று காத்தாயி கேட்டார். அது முடிந்துபோன தீர்ப்பு, அதில் இனி யாரும் கை வைக்க முடியாது என்றார் இர்ஃபானா.

அன்று மாலை காத்தாயி குளித்து, வெளுத்த சேலை உடுத்திக்கொண்டு கமலாம்பாளின் வீட்டுக்குப் போனார். வாசலில் நின்றபடியே, பெரியமடை வயலின் முதல் களையிலிருந்து தொடங்கி, தலைமைக் காவலர் பேனாவைக் கீழே வைத்தது, நாற்றங்காலில் மனப்பாடம் செய்தது, கூண்டில் நின்று வாசலைப் பார்த்தது எல்லாவற்றையும் வரிசையாகச் சொன்னார். தாம் சொன்ன பொய் ஒன்றே ஒன்றுதான், யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை என்றது மட்டுந்தான் பொய் என்றும் சொன்னார். கமலாம்பாள் நடுவில் குறுக்கிடாமல் கடைசிவரை கேட்டார்.

"கோர்ட்டுல ஒண்ணு சொன்னே. இப்ப வந்து வேற ஒண்ணு சொல்றே. இதுல எதை நான் நம்பறது, காத்தாயி?" என்றார்.